மேபல் போல்ட்டனும் உன் உச்சரிப்பும்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். உன் வேலையில் ஒரு குறையும் இல்லையாம், பேச்சு மட்டும் கொஞ்சம் மாறினால் வாடிக்கையாளர் முன்னால் உட்கார வைப்பார்களாம். போனில் நீ இதைச் சொன்னபோது பக்கத்தில் அம்மா இருந்ததால் சரி சரி என்று வைத்துவிட்டேன், இல்லாவிட்டால் கத்தியிருப்பேன். அதனால்தான் இந்தக் கடிதம். உனக்கு ஒரு நடிகையைப் பற்றிச் சொல்ல வேண்டும். லண்டனில் நீ தினமும் ரயிலில் தாண்டிப் போகிற பெத்னல் கிரீனில் 1901இல் பிறந்தவள், பெயர் மேபல் போல்ட்டன்.

லெஸ்டர் சதுக்கத்தில் இருந்த அல்ஹாம்ப்ரா தியேட்டரில் டைப்பிஸ்ட்டாக இருந்தாள். லில்லியன் கிஷ் நடித்த அமெரிக்கப் படம் ஒன்று லண்டனுக்கு வந்தபோது, படத்துக்கு முன்னால் மேடையில் ஒரு சின்னக் காட்சி போட்டார்கள். கிஷ் சாயல் இருக்கிறதே என்று இவளைக் கொண்டுபோய் அதில் நிறுத்தினார்கள். அப்புறம் 1920இல் ஜார்ஜ் பியர்சன் என்ற இயக்குநர் தன் படத்தில் வேடம் கொடுத்தார். பின்னாளில் பிரிட்டனின் பெரிய நட்சத்திரமான பெட்டி பால்ஃபருக்கும் அதுதான் முதல் படம்.

மேபலின் உச்சம் 1928. மார்கரெட் கென்னடி எழுதி சக்கைப்போடு போட்ட 'தி கான்ஸ்டன்ட் நிம்ஃப்' நாவலைப் படமாக எடுத்தார்கள், ஐவர் நொவெல்லோ கதாநாயகன், ஆஸ்திரியாவில் டைரோல் மலைப்பக்கம் படப்பிடிப்பு. அதில் வரும் டெஸ்ஸா ஓர் இசையமைப்பாளரின் மகள், மலையில் கட்டுப்பாடில்லாமல் வளர்ந்தவள். பெத்னல் கிரீன் பெண் அந்த டெஸ்ஸாவாக நடித்தாள், யாருக்கும் உறுத்தவில்லை. ஊமைப்படம்தானே, வசனம் எழுத்தில் வரும், குரலைப் பார்ப்பவர்களே மனதுக்குள் போட்டுக்கொள்வார்கள்.

1929இல் பேசும் படம் வந்தது. மேபல் வாயைத் திறந்தால் கிழக்கு லண்டன் காக்னிப் பேச்சு. வேலைக்காரியாக வந்தால் ரசிப்பார்கள், சிரிப்புக்கும் சரி, ஆனால் காதலிக்கிற கதாநாயகி லண்டனின் பெரிய நாடக அரங்குகள் இருக்கிற வெஸ்ட் எண்டின் மேடைப் பேச்சுதான் பேச வேண்டும். அதே வருடம் ஹிட்ச்காக்கின் 'பிளாக்மெயில்' படத்தில் செக் நாட்டு நடிகை ஆனி ஓண்ட்ரா வாயசைக்க, கேமராவில் விழாத இடத்தில் நின்றுகொண்டு ஜோன் பாரி வசனத்தைச் சொன்னார். (நம் படங்களில் டப்பிங் கேட்டு வளர்ந்த உனக்கு இது பெரிய அதிசயமாக இருக்காது.) மேபலால் பேசும் படத்தில் நிலைக்க முடியவில்லை. முப்பதுகளில் சில படங்கள், அவ்வளவுதான். 1933இல் அதே டெஸ்ஸா கதையைப் பேசும் படமாக எடுத்தபோது வேடம் விக்டோரியா ஹாப்பருக்குப் போனது. அவர் பிறந்தது கனடாவில்!

பேசும் படம் வந்ததால் அவள் வாழ்க்கை முடிந்தது என்றுதான் எல்லோரும் எழுதுகிறார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. மைக் என்ன செய்யும், பேசியதைப் பிடிக்கும். அதே முப்பதுகளில் கிரேசி ஃபீல்ட்ஸ் அப்பட்டமான லங்காஷயர் (வட இங்கிலாந்து) பேச்சோடு வந்து பாடிச் சிரிக்க வைத்து நாட்டிலேயே பெரிய நட்சத்திரம் ஆகவில்லையா? ஜனங்களுக்குப் பேச்சு ஒரு பிரச்சினையே இல்லை. எந்தப் பேச்சுக்கு எந்த நாற்காலி என்று பிரித்தவர்கள் ஸ்டூடியோவில் உட்கார்ந்திருந்த சிலர்தான். அவர்கள் பெயர் எதுவும் இப்போது உனக்கும் எனக்கும் தெரியாது. மேபல் 93 வயது வரை இருந்து 1994இல் இறந்தாள்.

உச்சரிப்புப் பயிற்சிக்கு அனுப்பினால் போய்விட்டு வா, கம்பெனிக் காசுதானே. அதற்காக அது முடிகிற வரை மீட்டிங்கில் வாயை மூடிக்கொண்டு உட்காராதே. அப்புறம், அந்த 1928 படம் தொலைந்தே போய்விட்டது என்று ரொம்ப காலம் நினைத்திருந்தார்கள், பிறகு கிடைத்துவிட்டது. சவுத்பேங்க்கில் பழைய படங்கள் போடும் பிஎஃப்ஐ அரங்கில் எப்போதாவது போட்டால் போய்ப் பார்த்துவிட்டு எப்படி இருந்தது என்று எழுது. உன்னை மாறச் சொன்னவர் எந்த ஊர்க்காரர் என்று நீ சொல்லவே இல்லையே, அதையும் எழுது.

அன்புடன்,
அப்பா