கண்ணடித்ததற்கு வழக்கா?

ஆசிரியருக்கு,

பள்ளிக் காதலைக் காட்டி மலையாளப் படங்கள் பிள்ளைகளைக் கெடுக்கின்றன என்று ஒரு வாசகர் எழுதியிருந்தார். 2018-இல் மலையாள நடிகை பிரியா பிரகாஷ் வாரியர் பள்ளிக் காதல் காட்சியில் கண்ணடித்த பாட்டின் மீது ஐதராபாத்தில் வழக்குப் போட்டு, அது உச்ச நீதிமன்றம் வரை போய் ரத்தானதே, அந்தப் பதற்றம் இன்னும் தீரவில்லை போலிருக்கிறது. சரி, 2019-இல் வந்த 'தண்ணீர் மத்தன் தினங்கள்' பார்த்தாரா? பிளஸ் டூ பையன் ஜெய்சன் பிடித்த பெண் கீர்த்தியிடம் பேசத் தெரியாமல் சொதப்புகிறான், எல்லோரும் கொண்டாடும் புது வாத்தியாரை அவனுக்கு மட்டும் பிடிப்பதில்லை, நண்பர்களோடு தர்பூசணி ஜூஸ் குடித்துக்கொண்டு திரிகிறான், அவ்வளவுதான். நாமும் அப்படித்தானே இருந்தோம்! என் குறை வேறு. இந்தக் கதைகள் பெரும்பாலும் பையன் பக்கமிருந்தே சொல்லப்படுகின்றன. அந்தக் கீர்த்தி வீட்டுக்குப் போய் என்ன நினைத்தாள் என்று யாராவது படமெடுத்தால் முதல் நாளே போய்விடுவேன்.

— ஒரு வாசகி, நாகர்கோவில்