மந்திர மைக்காரர்கள் ஏன் அலைகிறார்கள்?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். மந்திர மை செய்யும் நாடோடிக் கைவினைஞர் சங்கத்தைப் பற்றி உங்கள் இதழில் வரும் தொடர்கதையை விடாமல் படித்துவருகிறேன். கழுதை முதுகில் மூட்டையைக் கட்டிக்கொண்டு நடக்கும் அந்தக் கிழவரும், எதற்கெடுத்தாலும் அவரோடு மல்லுக்கு நிற்கும் சிஷ்யப் பெண்ணும் மனத்தில் ஒட்டிக்கொண்டார்கள். ஆனால் இத்தனை அத்தியாயம் போயும் ஒரு கேள்விக்குப் பதில் வரவில்லை. இவர்கள் ஏன் அலைகிறார்கள்?

நாடோடி என்றால் அலையத்தானே செய்வான் என்று சொல்லிவிடலாம். சங்கம் என்று வந்துவிட்டால் அப்படிச் சொல்லித் தப்ப முடியாது. இடைக்கால ஐரோப்பாவின் கைவினைச் சங்கங்கள் ஊரோடு கட்டுண்டவை. நகரத்துக்குள் யார் தொழில் செய்யலாம், யார் கூடாது என்று தீர்மானிப்பதும், வெளியாட்களைத் தள்ளி வைப்பதும்தான் அவற்றின் முக்கிய வேலை. அலைச்சலெல்லாம் பயிற்சி முடித்த இளைஞனுக்கு. ஜெர்மன் பேசும் நாடுகளில் தச்சர் போன்ற தொழிலாளர்களில் சிலர் இன்றும் 3 ஆண்டும் ஒரு நாளும் ஊர் ஊராகப் போய் வேலை செய்கிறார்கள். அதுவரை சொந்த ஊரின் 50 கிலோமீட்டர் சுற்றளவுக்குள் கால் வைப்பதில்லை என்பது வழக்கம். அவர்களுக்கும் ஒருநாள் பயணம் முடிந்துவிடும். கிழவர்கள் உட்பட ஒரு சங்கமே ஆயுள் முழுக்க நடக்கிறதென்றால் பலமான காரணம் இருக்க வேண்டாமா? "அது எங்கள் மரபு" என்று கிழவர் ஒரே வரியில் மழுப்பிவிடுகிறார்.

காரணம் மைக்குள்ளேயே இருக்கிறது என்பது என் எண்ணம். ஐரோப்பா பல நூற்றாண்டுகள் எழுதிய இரும்பு மைக்கு மாசிக்காய் வேண்டும். ஓக் மரத்தில் ஒரு சின்னஞ்சிறு குளவி முட்டையிட்ட இடத்தில் மரம் வளர்த்துக்கொள்ளும் முடிச்சு அது. தரமான சரக்குக்குச் சிரியாவின் அலெப்போ நகரம் பேர் போனது. அப்புறம் அன்னபேதி என்கிற இரும்பு உப்பு. மூன்றாவது, வறண்ட நிலத்து வேல மரத்தின் பிசின். மூன்றும் ஒரே இடத்தில் அகப்படுவது அரிது. சேர்த்துக் காய்ச்சி ஜாடியில் வைத்துக்கொண்டு நிம்மதியாக இருக்கவும் முடியாது; நாளடைவில் கசடு அடியில் தங்கும், பூஞ்சையும் பிடிக்கும். போகிற வழியில் சரக்கு சேர்த்து, வேண்டும்போது புதிதாகக் கலக்க வேண்டியவர்கள் நடக்காமல் என்ன செய்வார்கள்!

மந்திரமும் இந்த மையிலேயே கிடைக்கிறது. மாசிக்காயை இடித்து ஊறவைத்தால் தண்ணீர் தேநீர் நிறத்துக்கு வரும். அன்னபேதியைப் போட்டதும் கருக்கத் தொடங்கும். ஆனால் புதிதாய்க் கலந்த மையில் எழுதிப் பார்த்தால் எழுத்து வெளிறிப்போய், சாம்பல் பூத்தாற்போல் இருக்கும். காற்று படப்படத்தான் கருமை ஏறும். ஏறியபின் தண்ணீர் ஊற்றிக் கழுவினாலும் லேசில் போகாது. சென்ற இதழில் கிழவர் "பாலம்" என்று எழுதிய மாத்திரத்தில் ஆற்றின்மேல் பாலம் வந்து நின்றுவிட்டது. எழுத்து கருக்கக் கருக்கப் பாலம் கெட்டியாகும் என்று வைத்திருந்தால்? சிஷ்யப் பெண் பொறுமையில்லாதவள். எழுத்து இன்னும் சாம்பல் நிறத்தில் இருக்கும்போதே ஓடிப்போய் ஏறுவாள். துரத்தி வருகிறவன் கையில் ஒரு செம்பு தண்ணீர் கிடைத்தால், ஈரம் காயாத எழுத்தை அவன் அழித்துவிடவும் முடியும். அந்த அத்தியாயத்தை நான் இரண்டு தடவை படித்திருப்பேன்.

மந்திரத்துக்கு விலையும் வேண்டும். இதே மை, கலவையில் இரும்பு மிகுந்து அமிலமும் சேரும்போது எழுதிய தாளையே தின்றுவிடும். இசைமேதை பாக்கின் கையெழுத்துப் படிகளிலேயே அப்படி அரித்துப்போன பக்கங்கள் உண்டு. எழுத்து உதிர்ந்து அதே வடிவில் ஓட்டை மிஞ்சும். கிழவர் எழுதிக் கொடுத்த சத்தியங்களும் ஒருநாள் அப்படி ஓட்டையாகும் என்றால் அவர் எல்லோருக்கும் இவ்வளவு தாராளமாக எழுதிக் கொடுப்பாரா?

இன்னொன்று. கி.மு. 3ஆம் நூற்றாண்டில் பைசாந்தியத்தைச் சேர்ந்த ஃபிலோ என்கிற கிரேக்கப் பொறியாளர் ஒரு ரகசிய மையைச் சொல்லியிருக்கிறார். மாசிக்காய் ஊறிய நீரில் எழுதினால் காய்ந்தபின் கண்ணுக்குத் தெரியாது. உலோக உப்புக் கரைசலில் தோய்த்த பஞ்சால் ஒற்றினால் எழுத்து எழும்பி வரும். அதாவது மை இரண்டு பாதி. எழுதுகிறவரிடம் ஒரு பாதி, படிக்கிறவரிடம் மறு பாதி. சங்கத்தார் ஆண்டுக்கொரு முறை சும்மா கூடிக் கூத்தடிப்பதாகத் தொடரின் எழுத்தாளர் எழுதியிருக்கிறாரே, அந்தக் கூட்டத்துக்கு இதைவிடத் தோதான காரணம் வேறு ஏது?

ஓவியருக்கும் ஒரு வார்த்தை: கழுதை முதுகில் கண்ணாடிப் புட்டி ஒரு நாள் தாங்காது. மாட்டுக் கொம்பில் மை கொண்டுபோவது அந்தக் காலத்து வழக்கம்தான். வரைவதற்கும் அழகாக இருக்கும்.

சிஷ்யப் பெண்ணிடம் மை தீர்ந்துபோன இடத்தில் இந்த வாரம் தொடரும் போட்டிருக்கிறீர்கள். அடுத்த அத்தியாயத்தில் அவளைக் கடைக்கு மட்டும் அனுப்பிவிட வேண்டாம் என்று எழுத்தாளரிடம் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
தொடரின் வாசகி