டார்டுபாலுக் என்று ஒரு பெயரும் உண்டு

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழின் உலகச் செய்திப் பக்கத்தில் ஹான்ஸ் தீவைப் பற்றி எழுதியிருந்தீர்கள். கனடாவும் டென்மார்க்கும் தீவு தங்களுடையது என்று மாறி மாறிக் கொடி நட்டதையும், மதுப் புட்டி வைத்துவிட்டுப் போனதையும் சுவையாகச் சொன்ன அந்தக் கட்டுரை, தீவு எங்கே இருக்கிறது, சண்டை எதனால் வந்தது என்பதைச் சொல்லவே இல்லை. முப்பது வருடம் புவியியல் பாடம் நடத்தியவளுக்கு அது உறுத்தலாக இருக்கிறது.

கனடாவின் எல்ஸ்மியர் தீவுக்கும் டென்மார்க் அரசைச் சேர்ந்த கிரீன்லாந்துக்கும் நடுவே நேர்ஸ் நீரிணை இருக்கிறது. அதில் கென்னடி சேனல் என்ற பகுதியில், ஹான்ஸ் தீவு இருக்கும் இடத்தின் அகலம் சுமார் 35 கிலோமீட்டர்தான். கடல் சட்டப்படி ஒரு நாடு தன் கரையிலிருந்து 12 கடல் மைல், அதாவது 22 கிலோமீட்டர் வரை உரிமை கோரலாம். இந்தத் தீவோ இரண்டு கரைக்கும் ஏறக்குறைய 18 கிலோமீட்டரில், நட்டநடுவே கிடக்கிறது. அப்புறம் எப்படிச் சிக்கல் வராமல் இருக்கும்? 1973-இல் கடல் எல்லை வகுத்தபோதுகூட, கோட்டைத் தீவின் ஒரு கரையில் நிறுத்தி மறுகரையில் மறுபடி தொடங்கினார்கள்.

பரப்பு 1.3 சதுர கிலோமீட்டர். மரம் கிடையாது, மண்ணே அரிது. ஆனால் அதை 'யாருக்கும் வேண்டாத பாறை' என்று எழுதியதை என்னால் ஏற்க முடியவில்லை. ஆண்டில் பல மாதம் நீரிணை உறைந்து கிடக்கும். அப்போது வடகிரீன்லாந்தின் பூர்வகுடிகளான இனுயிட் வேட்டைக்காரர்கள் இந்தப் பாறையில் ஏறி நின்று பனிப்பரப்பை நோட்டம் பார்ப்பார்கள், பனிக்கரடி தென்படுகிறதா என்று தேடுவார்கள். தீவின் வடிவம் சிறுநீரகம் போல இருப்பதால் அவர்கள் வைத்த பெயர் டார்டுபாலுக். ஹான்ஸ் என்பதும் ஐரோப்பிய மாலுமியின் பெயர் இல்லை. 19-ஆம் நூற்றாண்டில் அமெரிக்க, பிரிட்டிஷ் துருவப் பயணக் குழுக்களுக்கு வழிகாட்டியாகவும் வேட்டைக்காரராகவும் போன ஹான்ஸ் ஹென்ட்ரிக் என்ற கிரீன்லாந்துக்காரரின் பெயர் அது.

2022 ஜூன் 14 அன்று கையெழுத்தான உடன்பாட்டில், தீவிலேயே இயற்கையாக வடக்கு தெற்காக ஓடும் பிளவை ஒட்டி எல்லை வகுத்தார்கள். வேட்டைக்கும் மீன்பிடிக்கும் இனுயிட் மக்கள் முன்போலவே போய்வரலாம் என்பதையும் காப்பாற்றியிருக்கிறார்கள். என் கண்ணுக்கு முக்கியமான செய்தி இதுதான். உங்கள் கட்டுரையில் இதற்கு ஒரு வரிகூட இல்லை.

அடுத்த முறை தயவுசெய்து ஒரு வரைபடம் போடுங்கள். அதில் இரண்டு கரைகளும் தெரியட்டும், டார்டுபாலுக் என்ற பெயரும் இருக்கட்டும்.

– ஓய்வுபெற்ற புவியியல் ஆசிரியை, பாளையங்கோட்டை