பன்னிரண்டுக்கும் இருபதுக்கும் நடுவே

ஆசிரியருக்கு வணக்கம்.

பதின்ம வயதினருக்கான நூல்களைத் தங்கள் நாளிதழ் அக்கறையோடு அறிமுகப்படுத்தி வருவதால் இதை எழுதத் துணிந்தேன். 19 ஆண்டுகளாகப் பள்ளி நூலகத்தைப் பார்த்துக்கொள்கிறவள் நான். எட்டாம் வகுப்பும் ஒன்பதாம் வகுப்பும் அலமாரியில் எதைத் தேடி வரும் என்பது எனக்கு மனப்பாடம். சினிமா நட்சத்திரங்களின் வாழ்க்கைக் கதை என்றால் அட்டை பிய்ந்து போகும்வரை படிப்பார்கள். சின்ன வயதிலேயே புகழ் பெற்றவர்களின் கதை என்றால் "அடுத்து எனக்கு மிஸ்" என்று முன்கூட்டியே சொல்லிவைப்பார்கள்.

சென்ற மாதம் ஒன்பதாம் வகுப்பு மாணவி ஒருத்தி அப்படி ஒரு நூலைத் திருப்பிக் கொடுக்க வந்தாள். எப்படி இருந்தது என்று கேட்டேன். "நல்லாத்தான் இருந்துச்சு மிஸ். ஆனா பன்னிரண்டு வயசுல அவார்டு வாங்குறாங்க, பக்கத்தைத் திருப்பினா இருபது வயசு ஆயிடுது. நடுவுல என்ன பண்ணாங்கன்னே இல்லை" என்றாள். அவளுக்கு வயது 14. தன் வயதைத்தான் அந்தப் புத்தகத்துக்குள் தேடியிருக்கிறாள். அது அங்கே இல்லை.

அன்று மாலையே அந்த வரிசையிலிருந்த 11 நூல்களையும் எடுத்துவைத்துப் புரட்டினேன். அவள் சொன்னது சரி. ஒரு குழந்தை இயக்குநர் கண்ணில் படுகிறது, முதல் படம் ஓடுகிறது, மாலை மரியாதை. பிறகு ஒரு தாவல். மீண்டும் திரையில் தோன்றி வென்ற கதை, அல்லது "பின்னர் திரையுலகிலிருந்து விலகினார்" என்று ஒரே வரி. படிக்கிற பிள்ளை நின்றுகொண்டிருக்கும் அதே வயதில் நூல் மௌனமாகிவிடுகிறது.

எனக்கு இது நூலகக் கவலை மட்டுமல்ல. 8 வயதில் நானும் ஒரு படத்தில் நடித்தேன். எண்ணி ஒன்பது வசனம். படப்பிடிப்பின் நடுவில் ஒருநாள் காலை என் முன்பல் விழுந்துவிட்டது. முந்தைய நாள் எடுத்த பாதிக் காட்சியில் பல் இருக்கிறது, மீதிப் பாதிக்கு இல்லை. கன்டினியூட்டி போச்சே என்று உதவி இயக்குநர் தலையில் கை வைத்துக்கொண்டார். வாயைத் திறக்காமல் சிரி என்றார்கள், எனக்கு வரவில்லை. விளக்குச் சூட்டில் திரும்பத் திரும்ப எடுத்தார்கள். யாரும் என்னைத் திட்டவில்லை. ஆனாலும் பேக்கப் சொன்னதும் நானாகவே ஒவ்வொருவரிடமும் போய் "சாரி அங்கிள், பல் விழுந்துடுச்சு" என்று சொன்னது இன்றும் நினைவிருக்கிறது. வளர்வது ஒரு தப்பு என்று அன்றைக்கு நினைத்துக்கொண்டேன். அதை மாற்றிக்கொள்ள வெகுகாலம் ஆயிற்று.

ஹாலிவுட்டின் புகழ்பெற்ற குழந்தை நட்சத்திரம் ஷெர்லி டெம்பிளின் சுயசரிதையைப் பெரியவளான பிறகுதான் படித்தேன். 1988இல் வந்த நூல். பால்பற்கள் விழுந்த காலத்தில் அவருக்குப் பொய்ப்பல் மாட்டி நடிக்க வைத்தார்கள் என்று அறிந்தபோது புத்தகத்தை மூடிவைத்துவிட்டேன். வயதையே ஓராண்டு குறைத்துச் சொல்லியிருக்கிறார்கள். 12 வயது நிறைந்தது என்று நினைத்துக் கொண்டாடப்போன பிறந்தநாளில்தான் தனக்கு 13 என்று அவருக்குத் தெரிகிறது. ஒரு குழந்தை நட்சத்திரத்தைப் பற்றிப் பதின்ம வயதுப் பிள்ளைக்கு ஒரே ஒரு விஷயம் சொல்லலாம் என்றால், வெள்ளிவிழாக் கணக்கை விட்டுவிட்டு இதைத்தான் சொல்வேன். அவர் பின்னாளில் கானாவிலும் செக்கோஸ்லோவாக்கியாவிலும் அமெரிக்கத் தூதராக இருந்தார் என்பதையும் சேர்த்துச் சொல்வேன். நடிப்பு நின்ற பிறகு நீண்ட வாழ்க்கை ஒன்று இருக்கிறது என்று பிள்ளைகளுக்குத் தெரிய வேண்டாமா?

பணத்தைப் பற்றியும் நம் நூல்கள் வாய் திறப்பதில்லை. பிள்ளைகளிடம் காசுக் கணக்குப் பேசக்கூடாது என்ற தயக்கம் போலும். சாப்ளினோடு 1921இல் நடித்து உலகப் புகழ் பெற்ற ஜாக்கி கூகன், 21 வயதாகித் தன் சம்பாத்தியத்தைக் கேட்டபோது கிட்டத்தட்ட ஒன்றுமில்லை என்று தெரிந்தது. அவர் ஈட்டியது 30, 40 லட்சம் டாலர் என்பார்கள். சிறுவனின் சம்பாத்தியம் பெற்றோருக்கே உரியது என்பதுதான் அன்றைய சட்டம். 1938இல் தாய் மீதும் மாற்றாந்தந்தை மீதும் வழக்குப் போட்டார். கைக்கு வந்தது சுமார் 1,26,000 டாலர். அந்த வழக்குதான் 1939இல் கலிஃபோர்னியாவில் குழந்தை நடிகர்களுக்கான சட்டத்தைக் கொண்டுவந்தது. இன்று அங்கே சம்பளத்தில் 15 சதவீதத்தைப் பிள்ளையின் பெயரில் ஒதுக்கியே ஆகவேண்டும். எந்தத் திரைக்கதைக்கும் குறையாத கதை இது. 14 வயதுக்குப் புரியாதது இதில் எதுவுமில்லை.

புனைவில் இதையெல்லாம் அழகாகச் செய்துகாட்டிய நூல் ஒன்று உண்டு. நோயல் ஸ்ட்ரெட்ஃபீல்டின் 'பாலே ஷூஸ்', 1936. எழுதியவரே மேடையில் நடித்தவர் என்பது பக்கத்துக்குப் பக்கம் தெரியும். அதில் வரும் பாலின் என்ற சிறுமி 12 வயது நிறைந்து உரிமம் வாங்கித்தான் மேடையேற முடிகிறது. சம்பளத்தில் எவ்வளவு வீட்டுக்கு, எவ்வளவு சேமிப்புக்கு என்று அந்தக் குடும்பம் உட்கார்ந்து கணக்குப் போடுகிறது. பெயர் கிடைத்ததும் பாலினுக்குத் தலைக்கனம் ஏறுகிறது. மேலங்கியைத் தரையில் போட்டுவிட்டு எடுக்க மறுக்கிறாள். மறுநாள் அவள் வேடத்தில் வினிஃப்ரெட் நடிக்கிறாள். அவளைவிடத் திறமை குறைந்தவள் அல்ல வினிஃப்ரெட், வீட்டில் பணத்தேவையும் உண்டு. அவ்வளவு அழகில்லை என்பதால் மாற்றாளாக நிற்கிறவள். நட்சத்திரம் ஆகாத பிள்ளைக்கும் அந்த நாவலில் ஒரு முகம் இருக்கிறது. முடிவில் பாலினுக்கு ஹாலிவுட் வாய்ப்பு வருகிறது. அதற்குள் நடிப்பு ஒரு வேலை என்பது படிக்கிறவர் மனதில் பதிந்திருக்கும்.

நம் மொழியில் இதற்கு வேர் இல்லாமலில்லை. 1918இல், 6 வயதில், சங்கரதாஸ் சுவாமிகளின் நாடக சபையில் சேர்ந்த தி. க. சண்முகம் 'எனது நாடக வாழ்க்கை'யை எழுதியிருக்கிறார். அவருக்காக 'அபிமன்யு சுந்தரி'யைச் சுவாமிகள் ஒரே இரவில் எழுதி முடித்ததைப் பிள்ளைகளிடம் சொன்னால் கண் விரியும். பையன்களுக்குக் குரல் உடையும் பருவத்துக்கு அந்த நாடகக் கம்பெனிகளில் 'மகரக்கட்டு' என்று ஒரு சொல்லே வழங்கியது. நேற்றுவரை கொண்டாடிய குரல் போய், வேடமும் போகிற அந்த நாட்களுக்குத் தமிழில் ஒரு பெயர் இருக்கிறது. அதை மையமாக வைத்துப் பதின்ம வயதினருக்கு ஒரு நாவல் எழுதினால் என் நூலகத்தில் முதல் நாளே அதற்கு வரிசை நிற்கும்.

எல்லா உண்மையும் எல்லா வயதுக்கும் அல்ல என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். தொலைக்காட்சியில் சிறுவயதிலேயே நடித்த ஜெனட் மெக்கர்டி 2022இல் எழுதிய சுயசரிதை கடுமையானது. அம்மா இறந்ததில் தனக்கு மகிழ்ச்சி என்று தலைப்பிலேயே சொல்கிறார். 12 வயதுப் பிள்ளையிடம் அதைக் கொடுக்க மாட்டேன். 17 வயதில் கேட்டால் கொடுத்துவிட்டு, படித்து முடித்ததும் வந்து பேசு என்பேன்.

இப்போது புகழ் தேடிக் கேமரா முன்னால் நிற்கப் படப்பிடிப்புத் தளம்கூட வேண்டியதில்லை. வீட்டுக் கைப்பேசி போதும். பெற்றோர் வெளியிடும் காணொளிகளில் தோன்றும் பிள்ளைகளுக்கும் வருமானத்தில் பங்கு ஒதுக்க வேண்டும் என்று அமெரிக்காவின் இல்லினாய் மாநிலம் 2024 ஜூலையிலிருந்து சட்டமாக்கியிருக்கிறது. சட்டம் வந்துவிட்டது, கதைகள் இன்னும் வரவில்லை.

ஆகவே தங்களிடம் ஒரு வேண்டுகோள். இத்தகைய நூல்களுக்கு மதிப்புரை எழுதுகிறவர்கள், அந்தப் பிள்ளையின் 13 முதல் 19 வயதுவரை நூலில் எத்தனை பக்கம் என்பதையும் எழுத வேண்டும். குழந்தை நட்சத்திரங்களாக இருந்தவர்கள் இன்று பேரன் பேத்தி எடுத்திருக்கிறார்கள். அழைப்பு நின்றுபோன வருடம், பள்ளிக்குத் திரும்பிப் போன முதல் நாள், கண்ணாடியில் முகம் மாறியது எல்லாம் அவர்களுக்குத்தான் தெரியும். அவர்களையே எழுதச் சொல்லித் தங்கள் பக்கங்களில் இடம் கொடுங்கள். நீண்ட நேர்காணல் வேண்டாம். 14 வயதுப் பிள்ளைக்கு எழுதுவது போல இரண்டு பக்கம் போதும்.

அந்த மாணவி நேற்று மறுபடி வந்தாள். சண்முகத்தின் நூலைக் கொடுத்தேன். கனமாக இருக்கிறதே மிஸ் என்றாள். ஆனாலும் எடுத்துக்கொண்டு போயிருக்கிறாள்.

இப்படிக்கு,
பள்ளி நூலக ஆசிரியை ஒருவர்