சுவரில் விட்டுப்போன பெயர்: ஒரு மருமகனின் மடல்

குடும்ப விழாக் குழுவின் ஊம்களுக்கும் தானிகளுக்கும் வணக்கம்.

(பெரியவர்கள் எல்லாரையும் மாமா, அத்தை என்றே கூப்பிடும் உங்கள் ஆப்பிரிக்கான்ஸ் வழக்கம் எனக்கு முதல் நாளே பிடித்துப்போனது.)

தென்னாப்பிரிக்காவில், ஃபிரான்ஷூக் ஊரின் திராட்சைப் பண்ணையில் என்னையும் உட்கார வைத்துச் சோறு போட்டீர்கள். காலையில் ஆராதனை, மதியம் கரியில் வாட்டிய இறைச்சி, அப்புறம் பாகு சொட்டும் கூக்சிஸ்டர். நாலு தின்றேன். குறை சொல்ல வரவில்லை. உங்கள் வம்சவரிசை எழுதியிருக்கும் அந்தச் சுவரைப் பற்றித்தான் பேச வேண்டும்.

1688இல் வந்திறங்கிய ஹியூகனாட் (பிரெஞ்சுப் புராட்டஸ்டண்ட்) பாட்டனார் பெயர் உச்சியில், தங்க எழுத்தில். அவருடைய மகனுக்கு நேரே வெறும் 'மனைவி'. குடும்பப் புத்தகத்தின் அடிக்குறிப்பைப் பார்த்தால் அவருக்குப் பெயர் இருக்கிறது. பின்னால் 'ஃபான் கொரமாண்டல்', அதாவது கொரமாண்டலைச் சேர்ந்தவர், என்றும் இருக்கிறது. அடிமைகளாகக் கேப்புக்கு (இங்கே இருந்த டச்சுக் குடியேற்றம்) கொண்டுவரப்பட்டவர்களை இப்படி ஊரை ஒட்டித்தான் பதிவு செய்தார்கள். கொரமாண்டல் என்றால் சோழமண்டலக் கரை. பழவேற்காடும் நாகப்பட்டினமும் டச்சுக் கம்பெனியின் கையில் இருந்த காலம் அது. என் ஊர்க்காரி உங்கள் கொள்ளுப்பாட்டி! ஒரு ஊமிடம் கேட்டேன். "பழைய கதை, சாப்பிடு தம்பி" என்றார்.

ஏன் மறைக்க வேண்டும்? வங்காளத்திலிருந்து அடிமையாக வந்த அன்சேலா 1669இல் பாசோன் என்ற வெள்ளையரை மணந்தார். இன்று அவர் வழிவந்தவர்கள் அதைப் பெருமையாகவே சொல்கிறார்கள்.

இன்னொன்று. பண்ணையிலிருந்து பத்து நிமிடத்தில், உங்கள் குடும்பப் பெயரோடு, உங்கள் மொழியில், நீங்கள் பாடும் அதே சங்கீதங்களைப் பாடும் மாநிறத்தவர் (இந்த நாட்டில் கலப்பு வம்சத்தவரைச் சொல்லும் பெயர்) சபை ஒன்று இருக்கிறது. 1857இல் 'சிலருடைய பலவீனத்தை' முன்னிட்டுத் வெள்ளையர் அல்லாதவர்களின் தனி ஆராதனைக்கு உங்கள் சினோடு (டச்சுச் சீர்திருத்தச் சபையின் பேரவை) இடம் கொடுத்தது. 1881இல் தனிச் சபையே ஆகிவிட்டது. ஒரே சாமி, தனித்தனி வரிசை என்பது எங்கள் ஊரிலும் உண்டு, அதனால் மேலே நின்றுகொண்டு பேசவில்லை. வெள்ளையர் மற்ற இனத்தவரை மணக்கக் கூடாது என்று 1985 வரை இருந்த சட்டப்படி என் கல்யாணமே செல்லாது. ஆனால் என்னை அழைத்தீர்கள். அவர்களை அழைக்கவில்லை.

அடுத்த விழாவுக்குள் சுவரில் அந்தப் பெயரை எழுதுங்கள், அதே தங்க எழுத்தில். அந்தச் சபைக்கு அழைப்பிதழை யார் கொண்டுபோவது என்று தயங்க வேண்டாம். நானும் உங்கள் மகளும் போகிறோம், தேதியை மட்டும் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் தமிழ் மருமகன்