ஹிட்லர் வேடம் மட்டுமா புரூனோ கான்ஸ்?

ஐயா,

தங்கள் ஞாயிறு இணைப்பில் ஐரோப்பிய நடிகர்கள் பற்றி வெளியான கட்டுரை, சுவிட்சர்லாந்தின் புரூனோ கான்ஸை (1941–2019) 'ஹிட்லராக நடித்தவர்' என்று ஒற்றை வரியில் கடந்துவிட்டது வருத்தமளிக்கிறது. 2004இல் வந்த, அவர் ஹிட்லராக நடித்த 'டவுன்ஃபால்' படம் பெரும் சாதனைதான்; அதற்காக, 1942இல் பின்லாந்தில் இரகசியமாகப் பதிவான ஹிட்லரின் இயல்பான பேச்சைக் கேட்டுப் பயின்றவர் அவர். அந்த உழைப்பு மேடையில் பழகியது. 1970இல் நாடக இயக்குநர் பீட்டர் ஸ்டைனுடன் சேர்ந்து பெர்லினில் ஷாபூனே நாடகக் குழுவைக் கட்டியெழுப்பியவர்களுள் ஒருவர். ஜெர்மன் மொழி மேடையின் தலைசிறந்த நடிகருக்கு வழிவழியாக வரும் இஃப்லாண்ட் மோதிரம் 1996 முதல் இறக்கும்வரை அவரிடமே இருந்தது.

'விங்ஸ் ஆஃப் டிசையர்' (1987) படத்தை எங்கள் ஊர்த் திரைப்படச் சங்கத்தில் பார்த்தேன். மனிதனாகிவிட்ட தேவதூதன், பெர்லின் சுவரருகே வழிப்போக்கரிடம் நிறங்களின் பெயர்களைக் கேட்டறியும் காட்சியில், அடியில் ஓடும் வசனத்தை மறந்து அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம். இத்தகைய கலைஞர்களின் நாடக, தொலைக்காட்சிப் பணிகளையும் சேர்த்து, ஆளுக்கொரு முழுப்பக்கக் கட்டுரையாகத் தொடர் ஒன்றைத் தாங்கள் வெளியிட வேண்டுகிறேன். முதல் கட்டுரை கான்ஸைப் பற்றியதாக இருக்கட்டும்.

– வாசகர், திருச்சி