வரவேற்பு மேசைப் பெயரட்டை: காற்றுக்கு என்ன செய்யலாம்?

சொந்தங்கள் எல்லோருக்கும் வணக்கம். தங்கச்சி வரவேற்பு ஆவணியில், அதுவும் கிருஷ்ணகிரி மாந்தோப்பில். செப்டம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று இருக்கும் என்பதால் பெயரட்டைகளை இப்போதே யோசித்துவிடுவோம். நிச்சயதார்த்தத்தன்று கூடாரம் போல மடித்து வைத்த அட்டைகள் ஒரே வீச்சில் பறந்தன. பெரியப்பா தன் இடம் தெரியாமல் கைத்தடியோடு நின்றுகொண்டிருந்தது இன்னும் என் மனதை விட்டுப் போகவில்லை.

மடித்த அட்டை பாய்மரம் மாதிரி காற்றை வாங்கும். அதனால் அட்டையே வேண்டாம் என்பது என் எண்ணம். நம் ஊர்ப் பக்கம் கிரானைட் பட்டறைகளில் கறுப்புக் கல் துண்டுகள் கழிவாகக் கிடக்கும். உள்ளங்கை அளவுத் துண்டாக எடுத்து, ஓரத்தை உப்புத்தாளில் நன்றாகத் தேய்த்து, வெள்ளை பெயின்ட் பேனாவில் பெயர் எழுதினால் போதும். நேற்று ஒன்று எழுதி மொட்டை மாடியில் வைத்தேன். ராத்திரி முழுக்கக் காற்று. காலையில் வைத்த இடத்திலேயே இருந்தது, தூறலிலும் எழுத்து கலையவில்லை.

கல் போதாவிட்டால் சின்ன மண் கிண்ணத்தில் ராகி நிரப்பி, ஐஸ் குச்சியில் பெயர் எழுதி ஆழமாகக் குத்தலாம். குச்சி மெல்லியது, காற்று பிடிக்காது. அப்புறம், பலூன், தெர்மோகோல் எதுவும் வேண்டாம், ப்ளீஸ்.

யாருக்காவது பட்டறைக்காரர் பழக்கமா? 120 துண்டு தேவை. கையெழுத்து அழகாக உள்ளவர்கள் ஞாயிறு மதியம் வீட்டுக்கு வாங்க, சாப்பாடு இங்கேயே.